டெபாசிட்டுக்கு ஜெர்மனில் ஒரு சொல்

1

சனிக்கிழமை காலையில் காலி பாட்டில்களைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வருவது எங்கள் வீட்டில் என் வேலை. ஜெர்மனியின் ப்ரேமன் நகரில் நாங்கள் இருக்கும் தெருவின் முனையில் ஒரு கடை. அதன் பின்சுவரில் ஒரு இயந்திரம். தண்ணீரோ பழச்சாறோ வாங்கும்போது பாட்டிலுக்கென்று கொஞ்சம் காசு தனியாகப் பிடித்துக்கொள்வார்கள். காலி பாட்டிலை அந்த இயந்திரத்தின் வாயில் வைத்தால் உருட்டிப் பார்த்துவிட்டு உள்ளே இழுத்துக்கொள்ளும், காசு திரும்ப வரும். பாட்டில் நசுங்கியிருந்தால் துப்பிவிடும், காசு போச்சு. இந்தக் காசுக்கு இங்கே ‘ஃபாண்ட்’ என்று பெயர்.

இந்தச் சனிக்கிழமை இயந்திரம் என் பாட்டில் ஒன்றைத் துப்பியது. பின்னால் நின்ற மூன்றாம் மாடி அம்மையார் என் தோளைத் தட்டி, “அழாதீர்கள்” என்றார். சொல்லிவிட்டு அவரே சிரித்தார்.

அவர் சிரித்ததற்குக் காரணம் முந்தின நாள் மாலை நடந்தது. எங்கள் குடியிருப்பின் பொதுக்கூடத்தில், நான் ஏறக்குறைய முடித்துவிட்ட ஆவணப்படத்தைப் பக்கத்து வீட்டுக்காரர்களுக்குப் போட்டுக் காட்டினேன். படத்தின் கடைசிப் பகுதியில் என் மனைவியின் அண்ணன் ஞானசேகரன், ஓட்டு எண்ணும் இடத்தின் தடுப்புக்கு வெளியே நின்று, “டெபாசிட் போச்சி மாப்ள” என்று சொல்லி அழுவார். நான் எடுத்தவற்றில் எனக்கு மிகவும் பிடித்த ஷாட் அது. கேமரா அசையவில்லை, வெளிச்சம் பக்கவாட்டில் இருந்தது, பின்னணியில் யாரும் கையசைக்கவில்லை.

கூடம் முழுக்கச் சிரித்தது.

கீழே ஓடிய ஜெர்மன் வரிகளை எழுதியவள் என் மகள் நிலா. அவளுக்குத் தமிழ் காதால் வரும், கண்ணால் வராது. ‘டெபாசிட்’ என்று மாமா சொன்ன இடத்திலெல்லாம் அவள் ‘ஃபாண்ட்’ என்று போட்டிருந்தாள். ஆகவே ப்ரேமன்வாசிகள் பார்த்தது, பெரிய மீசை வைத்த ஒரு மனிதர் பாட்டில் காசு போனதற்காகக் குலுங்கிக் குலுங்கி அழுவதை. தமிழ்நாட்டில் தேர்தலில் நிற்பவர்கள் முதலில் பாட்டில்களை ஒப்படைக்க வேண்டும்போலிருக்கிறது என்று ஒருவர் தன் மனைவிக்கு விளக்கிக்கொண்டிருந்தார். அவர் அதை மரியாதையோடுதான் சொன்னார்.

உங்களுக்கு டெபாசிட் என்றால் என்னவென்று நான் சொல்ல வேண்டியதில்லை. பதிவான ஓட்டில் ஆறில் ஒரு பங்காவது வராவிட்டால் போய்விடும் என்பதும், போவது காசு மட்டும் இல்லை என்பதும் நம் ஊரில் குழந்தைக்குக்கூடத் தெரியும். அதனால்தான் இந்தக் குறிப்புகளை இங்கிருப்பவர்களுக்கு எழுதாமல் உங்களுக்கு எழுதுகிறேன்.

2

முதலில் என் தொழிலைப் பற்றி. கடலூரில் ஒரு வீடியோக் கடையில் கல்யாண வீடியோ எடுக்கத் தொடங்கியவன் நான். பிறகு செம்மங்குப்பம் தொழிற்சாலைகளில் ஷிஃப்ட் முடிந்து சைக்கிளில் வீடு திரும்பும் ஆட்களை வைத்து என் முதல் ஆவணப்படத்தை எடுத்தேன். அதைப் பார்த்த என் அப்பா, “எல்லாரும் வூட்டுக்குப் போறாங்க, அப்பறம்?” என்று கேட்டார். அப்புறம் ஒன்றும் இல்லை. அதுதான் படம். அப்போதிலிருந்து கேமராவும் நானே, இயக்கமும் நானே. எந்தக் கம்பெனியும் கிடையாது, எந்தத் தொலைக்காட்சியும் கிடையாது.

இந்த நிலைமைக்கு ஒரு பெயர் வேண்டும். ஜெர்மனிக்கு வந்த புதிதில் ஓர் அலுவலகத்தில் ஓர் அம்மா, “உங்கள் தொழில்?” என்று கேட்டார். எவருக்கும் கட்டுப்படாதவன் என்ற பொருளில், நான் கற்றுக்கொண்ட ஜெர்மனில், “நான் ஃப்ரை” என்றேன். ஃப்ரை என்றால் சுதந்திரம் என்று அகராதியில் இருந்தது. காலியாக இருக்கும் நாற்காலிக்கும், ஆள் ஏறாத டாக்ஸிக்கும் அதே சொல்தான் என்பது எனக்குத் தெரியாது. அந்த அம்மா என்னைப் பரிவோடு பார்த்துவிட்டு, வேலை தேடுபவர்களுக்கான பயிற்சி வகுப்பில் சேர்த்துவிட்டார். அங்கே கைகுலுக்குவது எப்படி என்று சொல்லிக் கொடுத்தார்கள். மரியாதைக்காக வகுப்பை முழுக்க முடித்தேன். சான்றிதழும் கொடுத்தார்கள்.

இங்கே வயிற்றுப்பாட்டுக்கு நான் எடுப்பவை செய்முறை விளக்கப் படங்கள். என் படங்களில் அதிகம் பேர் பார்த்தது, பாத்திரம் கழுவும் இயந்திரத்தில் உப்புப் போடுவது எப்படி என்பது. உப்பு எதற்கு என்று என் மனைவி கவிதா இன்றும் கேட்கிறாள். அது படத்தில் இல்லை.

ஊரில் நிலைமை வேறு. இந்தப் படத்துக்காக என் மனைவியின் ஊர்ப் பக்கம் போயிருந்தபோது, குமராட்சியில் ஒரு டீக்கடையில் என்னிடம், “சார் என்னா பண்றீங்க?” என்று கேட்டார்கள். “சுயேச்சையாகப் படம் எடுக்கிறேன்” என்றேன்.

“சுயேச்சையா? எந்த வார்டு?”

“வார்டு இல்லைங்க. படம்.”

“படம் சரி. சின்னம் என்னா?”

கையிலிருந்த கேமராவைக் காட்டி, “என்னிடம் இது ஒன்றுதான் இருக்கிறது” என்றேன். வேடிக்கைக்காகச் சொன்னது. ஊரில் அப்போது உள்ளாட்சித் தேர்தல் என்பதையும், அடுத்த நாள் சின்னம் ஒதுக்கப்போகிறார்கள் என்பதையும் நான் யோசித்திருக்க வேண்டும்.

3

ஞானசேகரன் மச்சானுக்குக் குமராட்சியில் பம்புசெட் மோட்டாருக்குக் காயில் கட்டும் கடை இருக்கிறது. தங்கள் ஊருக்கு மினி பஸ் வர வேண்டும் என்பதற்காக முதல் தடவை சுயேச்சையாக ஒன்றியக் கவுன்சிலருக்கு நின்றார். டெபாசிட் போனது. அடுத்த தடவை நிற்பதற்குள் வேறு யாரோ பேசி மினி பஸ் வந்துவிட்டது. ஆனாலும் நின்றார். “பஸ் வந்துடுச்சே, இன்னும் எதுக்கு?” என்று கேட்டவர்களிடம், “பஸ்ஸுக்காக நின்னது போன தடவ. இது டெபாசிட்டுக்காக” என்றாராம். அதுவும் போனது. அதற்கடுத்ததும் போனது.

ஊரில் இன்னும் இரண்டு சேகர்கள் இருந்ததால் அடையாளத்துக்காக இவரை ‘டெபாசிட் சேகர்’ என்றார்கள். பிறகு சேகரும் உதிர்ந்துவிட்டது. பேத்திக்குக் காது குத்திய விழாவில் பந்தி நடக்கும்போது அவர் சம்பந்தி, “நம்ம டெபாசிட்டுக்கு இன்னொரு வடை வைப்பா” என்று கூவினார். பரிமாறியவன் ஒரு விநாடிகூட யோசிக்காமல் நேராக வந்து மச்சான் இலையில் வடையை வைத்தான். அவன் வெளியூர்க்காரன்.

“அதான் மாப்ள எனக்குத் தாங்கல,” என்றார் மச்சான். “வெளியூர்க்காரனுக்கு எப்படித் தெரியும், சொல்லு? மூஞ்சிலயா எழுதியிருக்குது? ஜெயிக்கவே வேணாம். டெபாசிட் வாங்கிட்டாப் போதும். அந்தப் பேரு போயிடும்.”

மச்சானின் மனைவி செல்வி அக்கா உள்ளேயிருந்து, “போனா அடுத்து என்னா பேரு வைப்பாங்களோ. இது பழகிடுச்சி” என்றார்.

“நீ கம்முனு இரு.”

“நான் கம்முனுதான் இருக்கேன். ஊருதான் கம்முனு இல்ல. தம்பி, ஜெர்மனில இந்த மாதிரி ஆளுங்களுக்கு மாத்திர எதனா இருந்தா வாங்கியாரக் கூடாதா?”

சுயேச்சை இயக்குநர் ஒருவன் சுயேச்சை வேட்பாளர் ஒருவரைப் பற்றி எடுக்கும் படம். இதுதான் என் திட்டம். எதிலும் தலையிடாமல் கூடவே போவது, நடப்பதை மட்டும் எடுப்பது.

சின்னம் ஒதுக்கிய அன்று மச்சான் அலுவலகத்திலிருந்து ஓடி வந்தார். முகமெல்லாம் பல்.

“மாப்ள, சின்னம் வாங்கிட்டேன். லிஸ்ட்ல பாத்ததும் கண்ண மூடிகிட்டு எழுதிக் குடுத்தேன். உன்ன நம்பித்தான்.”

“என்ன சின்னம்?”

“வீடியோ கேமரா.”

4

மறுநாள் காலை நான் கேமராவைக் கையில் எடுத்துக்கொண்டு மச்சானுக்குப் பின்னால் தெருவில் இறங்கினேன். மாலையில் ஒன்றிய அலுவலகத்திலிருந்து அழைப்பு வந்தது. பெரிய கட்சிக்காரர் ஒருவர் புகார் கொடுத்திருந்தார். அலுவலர் நல்ல மனிதர். எனக்கு நாற்காலி போடச் சொல்லிவிட்டுத்தான் பேசினார்.

“சார், கையில இருக்கறது என்னது?”

“கேமரா.”

“என்ன கேமரா?”

“வீடியோ எடுக்கிற கேமரா.”

“அப்ப நீங்க ஓட்டு கேக்கறீங்க.”

“இல்லைங்க, படம் எடுக்கிறேன்.”

“உங்க விஷயத்துல ரெண்டும் ஒண்ணுதான் சார். ஒரு வேட்பாளரோட சின்னத்தத் தூக்கிகிட்டு அவருக்குப் பின்னாடியே போறீங்க. ரோஜாப்பூ சின்னம்னா ரோஜாப்பூவோட போற ஆள நாங்க என்ன சொல்லுவோம்?”

அவர் சொன்னதில் தப்பு எதுவும் இல்லை. நான் என் தொழிலை விளக்கினேன். அவர் கவனமாகக் கேட்டார். கடைசியில், “ஒண்ணு செய்யுங்க. செல்போன்ல எடுங்க. செல்போன் சின்னம் இந்த வார்டுல யாருக்கும் இல்ல” என்றார்.

“ஆவணப்படம் சார். செல்போனில் எடுத்தால் தரம் வராது.”

“அப்ப மூடிகிட்டு எடுங்க.”

அதாவது, கேமராவைத் துணியால் மூடிக்கொண்டு எடுக்கலாம், லென்ஸ் மட்டும் வெளியே தெரியலாம். லென்ஸ் சின்னம் ஆகாது. வாடகை, பேட்டரி செலவு இரண்டையும் மச்சானின் தேர்தல் செலவுக் கணக்கில் சேர்க்க வேண்டும். நான் வாடகைக்கு எடுக்கவில்லை, என் சொந்தக் கேமரா என்றேன். அப்படியென்றால் நன்கொடை என்று எழுதிக்கொண்டார்.

வெளியே வந்தபோது புகார் கொடுத்தவரின் ஆள் ஒருவர் மரத்தடியில் நின்றிருந்தார். “சார் வெளிநாட்டுலேர்ந்து சின்னத்தயே எறக்கியிருக்கீங்க. எங்களுக்கெல்லாம் ஸ்டிக்கருக்கே வழியில்ல” என்றார்.

5

பச்சைக் கரை போட்ட துண்டு ஒன்றைக் கேமராவின் மேல் போர்த்திக்கொண்டு பிரச்சாரத்தை எடுத்தேன். இதனால் நடந்தது என்னவென்றால், அதுவரை திரும்பிப் பார்க்காதவர்களும் துண்டுக்குள் என்ன இருக்கிறது என்று பார்க்க வந்தார்கள். மச்சானுக்கு ஒரே சந்தோஷம். நோட்டீஸ் அடித்து வைத்திருந்ததைக்கூடக் கொடுக்க மறந்துவிட்டார். ஒவ்வொரு தெருமுனையிலும் நின்று, “தாய்மாருங்களே! நம்ம சின்னம் நோட்டீஸ்ல இல்ல, செவுத்துல இல்ல, இதோ என் மாப்ள கையில நடந்து வருது பாருங்க!” என்பார். எனக்குத் துண்டை இறுக்கிப் பிடிக்கத்தான் நேரம் இருந்தது.

இன்னொரு சிக்கல். நான் பயன்படுத்துவது உள்ளங்கைக்குள் அடங்குகிற புதுவிதக் கேமரா. இப்போது ஆவணப்படக்காரர்கள் பலர் வைத்திருப்பது. நடவு முடித்துக் கரையேறிய பெண்களில் ஒருவர் துண்டைத் தூக்கிப் பார்த்துவிட்டு, “இதுல போட்டோ புடிக்குமா தம்பி?” என்று கேட்டார்.

எனக்கு எதையும் சரியாகச் சொல்லித்தான் பழக்கம். “புடிக்கும்” என்றேன்.

“அப்ப எங்கள ஒண்ணு புடி.”

பிடித்தேன். அந்தச் செய்தி எங்களுக்கு முன்னால் அடுத்த ஊருக்குப் போய்விட்டது. அதற்குப் பிறகு நான் எந்தத் தெருவில் நுழைந்தாலும் ஜனங்கள் தலைவாரி, வரிசையாக, மூச்சை அடக்கிக்கொண்டு நின்றார்கள். என் படத்தில் ஓட்டுக் கேட்கும் காட்சிகள் மொத்தமும் இப்படித்தான் இருக்கின்றன. மச்சான் மட்டும் அசைந்துகொண்டே இருப்பார். ஊர் அசையாமல் நிற்கும். இதை ஒரு பாணி என்று இங்கே ஒருவர் பாராட்டினார்.

ஒரு வீட்டில் கிழவர் ஒருவர் மட்டும் உட்கார்ந்திருந்தார். “சேகரு, எல்லாரும் காசு குடுக்கறான். நீதான்யா போட்டோ குடுக்கற. என் ஓட்டு உனக்குத்தான்” என்றார். மச்சான் திரும்பி என்னைப் பார்த்த பார்வை படத்தில் இருக்கிறது. அவரை யாராவது ‘சேகரு’ என்று கூப்பிட்டு ரொம்ப நாளாகியிருந்தது.

6

சனிக்கிழமை மதியம் நிலாவை உட்காரவைத்துப் பேசினேன்.

“ஃபாண்ட் தப்பு. வேறு சொல் போடு.”

“டெபாசிட்னா ஃபாண்ட்தான் அப்பா. நீங்க காசு குடுக்கறீங்க, திரும்ப வருது, இல்லன்னா வரல. எல்லாம் கரெக்ட்டா இருக்கு.”

“அது பாட்டிலுக்கு.”

“சரி, கௌத்ஸியோன் போடலாம். வீட்டு வாடகைக்கு அட்வான்ஸ் குடுக்கறது. ஜெயில்லேர்ந்து ஜாமீன்ல வர்றதுக்கும் அதேதான்.”

“வேண்டாம். மாமாவை ஜெயிலுக்கு அனுப்பாதே.”

“அப்ப நீங்களே சொல்லுங்க, அவருக்கு என்ன போச்சு?”

நான் மானம் என்றேன். அதற்கு ஜெர்மனில் ஒரு சொல் உண்டு, ஆனால் அது மாமாவைக் கத்தியோடு வரவழைத்துவிடும் என்றாள். கௌரவம் என்றேன். அது விருது வாங்குகிறவர்களுக்கு என்றாள். பிறகு அவள் ஃபோனைப் பார்க்கத் தொடங்கினாள். பதினேழு வயது. ஊருக்குப் படமெடுக்கப் போனபோது அவளையும் கூப்பிட்டேன், பரீட்சை என்றாள். செல்வி அக்கா என்னிடம், “பாப்பா தமிழ் பேசுதா தம்பி?” என்று கேட்டார். பேசுகிறாள் என்றேன். அது உண்மைதான். ஆனால் எங்களோடு பேசுவதற்கு அவளுக்கு விஷயம் குறைந்துகொண்டே வருகிறது என்பதை அக்காவிடம் சொல்லவில்லை.

“அப்பா, சிரிச்சாங்கல்ல. நல்லதுதானே?” என்றாள் கடைசியாக. “காமெடி படம்னு நெனச்சேன் நான். நெஜமாவே. ஒருத்தர் கேமராவப் பாத்துக் கையக் காட்டிகிட்டே ஓடறாரு, எல்லாரும் செல மாதிரி நிக்கறாங்க.”

மாமா அழுதது காமெடி இல்லை என்றேன்.

“அது எனக்கு எப்படித் தெரியும்? நீங்க யாரும் சொல்லல.”

அதனால் ஓட்டுப்பதிவு நாளில் நடந்ததை அவளுக்கு முதலிலிருந்து சொன்னேன். அந்த நாள் படத்தில் இல்லை. காரணம், அன்று என் கையில் கேமரா இல்லை.

7

வாக்குச்சாவடிக்கு நூறு மீட்டருக்குள் எந்தச் சின்னமும் வரக் கூடாது. துண்டோடும் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். ஆகவே கேமராவைச் செல்வி அக்காவின் அரிசி டிரம்முக்குள் வைத்துவிட்டு, பள்ளிக்கூட வாசலுக்கு எதிரே, கோட்டுக்கு வெளியே, கையை என்ன செய்வதென்று தெரியாமல் நின்றேன்.

முதலில் வெளியே வந்தது நடவு வயலில் போட்டோ கேட்ட பெண். என்னைப் பார்த்ததும் வாயெல்லாம் சிரிப்பு.

“தம்பி, நாலு சீட்டு குடுத்தாங்க. ஒங்க சீட்டுல ஒங்க சின்னத்துலயே கரெக்டா குத்திட்டேன். நாலாவது.”

என் மச்சான் பெயர் மூன்றாவது.

“மூணாவது தானேம்மா?” என்றேன்.

“மூணாவது என்னமோ பீரங்கி மாதிரி இருந்துச்சி. ஒங்க கையில இருந்தது நாலாவதுதானே? சின்னதா, அழகா.”

எனக்குப் புரிய ஒரு நிமிடம் ஆனது. சின்னங்களின் பட்டியலில் வீடியோ கேமராவுக்கு வரைந்திருந்தது தோளில் தூக்கி வைத்து எடுக்கும் அந்தக் காலத்துப் பெரிய கேமரா. நாலாவது இடத்தில் தனவேல் என்று ஒரு சுயேச்சை. அவர் சின்னம் வெறும் கேமரா, அதாவது போட்டோ கேமரா. என் கையில் இருந்ததற்கும் அதற்கும் ஒரு வித்தியாசமும் இல்லை.

இந்தத் தனவேலை யாரும் பார்த்ததில்லை. பெரிய கட்சிக்காரருக்கு மாற்று வேட்பாளராக, நம் பாஷையில் டம்மியாக, மனுத் தாக்கல் செய்தவர். அறுவடை மெஷின் ஓட்டுநர். மனுவைத் திரும்ப வாங்க வேண்டிய நாளில் மெஷினோடு தஞ்சாவூர்ப் பக்கம் போய்விட்டார். அலுவலகத்தில் அவருக்கும் ஒரு சின்னத்தைக் கொடுத்துவிட்டு அடுத்த வேலையைப் பார்த்தார்கள். அவருக்காக இந்த வார்டு முழுக்கப் பிரச்சாரம் செய்தது நாங்கள்தான் என்பது அந்த வாசலில் எனக்கு விளங்கியது.

அடுத்து வந்த பெரியவரும், “நாலாவது” என்றார். அதற்கடுத்த இரண்டு பேரும். உள்ளே போகிறவர்களிடம் என்னால் சொல்ல முடியாது. சொன்னால் ஓட்டுக் கேட்டதாகிவிடும். வாயைத் திறக்காமல் மூன்று விரலைக் காட்டினேன். ஒரு கான்ஸ்டபிள் வந்தார்.

“என்னா சார், கையில என்னா மூணு?”

“ஒன்றுமில்லை, விரலை நீட்டி மடக்குகிறேன்.”

“அந்தாண்ட போய் மடக்குங்க.”

மச்சானுக்கு ஃபோன் செய்தேன். அவர் அடுத்த ஊர்ச் சாவடியில் இருந்தார். நான் சொல்லி முடித்ததும், “இங்கயும் எல்லாரும் என்னப் பாத்து நாலு வெரலக் காட்றாங்க மாப்ள. நாலாயிரம் ஓட்டு வரும்னு சொல்றாங்கன்னு நெனச்சி கும்பிட்டுகிட்டு இருந்தேன்” என்றார்.

8

எண்ணி முடித்தபோது பெரிய கட்சிக்காரர் ஜெயித்திருந்தார். அதில் யாருக்கும் ஆச்சரியம் இல்லை. தனவேலுக்கு டெபாசிட் கிடைத்திருந்தது. மச்சானுக்குப் போயிருந்தது. தேர்தல் முடிந்துவிட்டதால் என் கேமரா அன்று முதல் மறுபடி கேமரா ஆகியிருந்தது. தடுப்புக்கு இந்தப் பக்கம் நின்று எடுத்தேன். அந்த ஷாட்தான் நான் முதலில் சொன்னது.

தனவேலுக்கு யாரோ ஃபோனில் தகவல் சொல்ல, அவர் மச்சானைக் கூப்பிட்டார். ஸ்பீக்கரில் கேட்டது. பின்னால் மெஷின் சத்தம்.

“அண்ணே, நான் ஊருக்கே வரல. என்ன எதுக்குண்ணே இவ்வளோ பேருக்குப் புடிச்சிருக்குது?”

“உன்ன இல்லப்பா புடிச்சிருக்குது. கேமராவ.”

“எந்தக் கேமராவ?”

“நீ வா, நேர்ல சொல்றேன்.”

வந்தார். முப்பது வயது இருக்கும், உடம்பெல்லாம் வைக்கோல் தூசி. டெபாசிட் பணத்தை எப்படித் திரும்ப வாங்குவது என்று மச்சானைக் கேட்டார். இத்தனை தேர்தலைப் பார்த்தவருக்குத் தெரியாமலா இருக்கும் என்று நினைத்திருக்கிறார்.

“கட்டறது எப்படின்னு கேளு, தூக்கத்துல சொல்லுவேன்,” என்றார் மச்சான். “திரும்ப வாங்கறது எனக்கு எப்படிறா தெரியும்?”

ஆனாலும் கூடவே போனார். இரண்டு பேரும் என் மச்சானின் பைக்கில் போவதை வாசலிலிருந்து எடுத்தேன். செல்வி அக்கா என் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அன்று மச்சானைத் திட்டவில்லை. அது எனக்கு விசித்திரமாக இருந்தது.

9

இதையெல்லாம் கேட்டுவிட்டு நிலா ஃபோனைக் கீழே வைத்தாள். “மாமாகிட்டயே கேக்கலாமே” என்றாள்.

கவிதா உடனே வீடியோ அழைப்புப் போட்டாள். கடையில் இருந்தார் மச்சான், மடியில் ஒரு மோட்டார். விஷயத்தை நான் விளக்கினேன். ஜெர்மன்காரர்கள் சிரித்துவிட்டார்கள் என்பதையும் மறைக்காமல் சொன்னேன்.

“பாட்டிலுக்கா அழுதேன்னு நெனச்சாங்க?” என்றார். அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. “சரி, நான் சொல்றத எழுதிக்கம்மா. டெபாசிட் போவல. தனவேல்கிட்ட இருக்குது. அப்படிப் போடு. ஜனங்க எனக்குத்தான் குத்தனாங்க, எடம் மாறிப் போச்சி. ஆறுல ஒருத்தர் என்ன நம்பியிருக்காங்க, அது வெளிநாட்டுக்காரங்களுக்குத் தெரியட்டும்.”

“மச்சான், அதை நீங்கள் அன்றைக்குச் சொல்லவில்லை,” என்றேன். “சொன்னதைத்தான் போட முடியும். ஆவணப்படம்.”

“நான் சொன்னதுக்கு அர்த்தம் அதான்.”

“அர்த்தம் வேறு, சொன்னது வேறு.”

“யோவ், அழுதவன் நானு. நீ எனக்கு அர்த்தம் சொல்றியா?”

“அப்பா, கொஞ்சம் இருங்க,” என்று நிலா என் கையிலிருந்து ஃபோனை வாங்கினாள். “மாமா, அன்னிக்கு எதுக்கு அழுதீங்க? நெஜமா. ஓட்டு எண்ணி முடிச்சதும் என்ன நெனச்சீங்க?”

மச்சான் மடியிலிருந்த மோட்டாரைக் கீழே இறக்கி வைத்தார்.

“உங்க அத்த பாயசம் வச்சிருந்தாம்மா,” என்றார். “காலைல நான் கெளம்பறப்ப. என்கிட்ட சொல்லல. முந்திரி வாசன வந்துச்சி, எட்டிப் பாத்துட்டேன். எத்தன எலெக்சன் நின்னேன், எல்லாத்துக்கும் திட்டுனவ. சின்னம் மாறிப் போனத நான் அவகிட்ட சொல்லவேயில்ல. அன்னிக்கு ஊருக்கே குடுக்கற மாதிரி அண்டாவுல வச்சிருந்தா. ரிசல்ட்ட சொன்னதும் எனக்கு ஓட்டு ஞாபகம் வரல. இப்ப அவ்வளோ பாயசத்தையும் அவ என்னா பண்ணுவான்னு நெனச்சேன்.”

எனக்கு இது தெரியாது. அன்று இரண்டு வேளையும் எனக்குப் பாயசம் கொடுத்தார்கள், எதற்கென்று நான் கேட்கவில்லை.

நிலா மடிக்கணினியைத் தன் பக்கம் திருப்பி, அந்த ஷாட்டுக்குக் கீழே இருந்த வரியை அழித்தாள். பாயசத்துக்கு என்ன போடுவது என்று கவிதாவைக் கேட்டாள். கடையில் குளிர்பெட்டியில் கிண்ணம் கிண்ணமாக இருக்குமே, பாலில் வெந்த அரிசி, அந்தப் பெயரையே போடு என்றாள் கவிதா. நிலா எழுதினாள். ‘என் மனைவி பெரிய பானை நிறையப் பால்சோறு செய்து வைத்திருக்கிறாள்’ என்று வந்தது. மச்சான் அன்று வாயால் சொன்ன வார்த்தைகளில் ஒன்றுகூட அதில் இல்லை. இதுவரை ஒருவர் சொல்லாததை அவர் வாயில் நான் வைத்ததில்லை. இதைப் பார்த்தும் மூன்றாம் மாடி அம்மையார் சிரிக்கக்கூடும்.

“சேவ் பண்ணு” என்றேன்.

“என்னம்மா எழுதன? படி,” என்றார் மச்சான்.

நிலா ஜெர்மனில் நிறுத்தி நிறுத்திப் படித்தாள். அவர் தலையைச் சாய்த்து, ஒரு சொல்லும் தவறிவிடக் கூடாது என்பதுபோலக் கடைசிவரை கேட்டார்.

“சரியா இருக்குதும்மா,” என்றார். “அப்படியே போடு.”